ஆண்டுக்கு ஏழரை லட்சம்: தமிழ்நாட்டு மக்கள் தொகையும் ஒரு நேர்கோடும்

1961 மார்ச் 1 அன்று இன்றைய தமிழ்நாட்டு எல்லைக்குள் எண்ணப்பட்டவர்கள் 3,36,86,953 பேர். அடுத்த கணக்கெடுப்பில், 1971இல், 4,11,99,168 பேர். இந்த இரண்டு எண்களை மட்டும் கையில் வைத்துக்கொண்டு, பள்ளியில் படித்த நேர்கோட்டுக் கணக்கைப் போட்டு, 2011இல் எத்தனை பேர் இருப்பார்கள் என்று பார்த்தால் 7,12,48,028 என்று விடை வரும். 2011 கணக்கெடுப்பில் உண்மையில் எண்ணப்பட்டவர்கள் 7,21,47,030. நாற்பது ஆண்டு தள்ளிப் போட்ட கணக்கில் பிழை 9 லட்சத்துக்கும் சற்றுக் குறைவு, அதாவது நூற்றுக்கு ஒன்றேகால்.

அதே இரண்டு எண்களைக் கொண்டு சதவீத முறையில் போட்டுப் பாருங்கள். 1961–71இல் வளர்ச்சி 22.3 சதவீதம். அதே வீதம் தொடர்ந்து நீடித்தால் 2011இல் 9.22 கோடி வர வேண்டும். உண்மையைவிட இரண்டு கோடி அதிகம்! மக்கள் தொகை பெருக்குத்தொடர் வரிசையில்தான் பெருகும் என்ற பாடம் ஆங்கிலப் பொருளியலாளர் மால்தஸ் காலத்திலிருந்து நம் மனத்தில் பதிந்திருக்கிறது. தமிழ்நாடு அரை நூற்றாண்டுக்கு அந்தப் பாடத்தின்படி நடக்கவில்லை. கூட்டுத்தொடர் வரிசையில் நடந்தது. அது ஏன் அப்படி நடந்தது என்று தெரிந்தால்தான் இந்தக் கோடு எங்கே பொருந்தாது என்பதும் தெரியும்.

முதலில் கோட்டை எழுதுவோம். நேரியல் கோவைக்கு இரண்டே உறுப்புகள்: ஒரு மாறிலி, காலத்தோடு பெருக்கப்படும் ஒரு கெழு. மக்கள் தொகையை ‘ம’ என்றும், கடந்த ஆண்டுகளை ‘க’ என்றும் கொண்டால்:

ம = அ + ச × க

‘அ’ என்பது தொடக்க ஆண்டில் இருந்த மக்கள் தொகை, வரைபடத்தில் வெட்டுத்துண்டு. ‘ச’ என்பது ஓர் ஆண்டில் கூடும் ஆட்கள், அதுதான் சாய்வு. வலப்பக்கம் இருப்பது கோவை; இடப்பக்கம் ‘ம =’ என்று சேர்ந்ததும் அது சமன்பாடாகிவிடுகிறது. சாய்வுக்கு அலகு உண்டு என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அது ‘ஆண்டுக்கு இத்தனை பேர்’, சதவீதம் அல்ல. பத்தாண்டு வித்தியாசத்தைப் பத்தால் வகுக்காமல் அப்படியே ‘ச’ இடத்தில் வைத்துவிட்டு, விடை பத்து மடங்கு எகிறுவதைப் பார்த்துத் திகைப்பது இந்தக் கணக்கில் அன்றாடம் நடக்கும் தவறு.

இந்த மாநிலத்துக்கு நேர்கோடு பொருந்துமா என்று அறிய வரைபடத்தாள்கூட வேண்டாம். அடுத்தடுத்த கணக்கெடுப்புகளைக் கழித்து முதல் வேறுபாடுகளை எழுதினால் போதும்:

1951–61: 35.68 லட்சம் (11.8 சதவீதம்)
1961–71: 75.12 லட்சம் (22.3 சதவீதம்)
1971–81: 72.09 லட்சம் (17.5 சதவீதம்)
1981–91: 74.51 லட்சம் (15.4 சதவீதம்)
1991–2001: 65.47 லட்சம் (11.7 சதவீதம்)
2001–11: 97.41 லட்சம் (15.6 சதவீதம்)

முதல் வேறுபாடுகள் ஏறக்குறைய சமமாக இருந்தால் நேர்கோடு பொருந்தும். சதவீதங்கள் ஏறக்குறைய சமமாக இருந்தால் பெருக்குத்தொடர் பொருந்தும். 1961 முதல் 1991 வரையிலான மூன்று வரிகளைப் பாருங்கள். சதவீதம் 22இலிருந்து 15க்குச் சரிகிறது. ஆள்கணக்கோ 72க்கும் 75க்கும் இடையிலேயே நிற்கிறது. 1951–61 இந்தக் கூட்டத்தில் சேராது. ஆகவே கோட்டை 1951இலிருந்து தொடங்குவது தவறு. 1961தான் சரியான தொடக்கம்.

நாள்களைக் கவனித்தால் படம் இன்னும் தெளியும். 1961, 1981, 1991 கணக்கெடுப்புகளுக்குக் குறிப்பு நாள் (எண்ணிக்கை எந்த நாளுக்கு உரியதோ அந்த நாள்) மார்ச் 1. 1971க்கு மட்டும் ஏப்ரல் 1. ஆக முதல் இடைவெளி 121 மாதம், இரண்டாவது 119 மாதம், மூன்றாவது 120 மாதம். ஒவ்வொரு வேறுபாட்டையும் அதற்குரிய மாதங்களால் வகுத்தால் 1961–71இல் மாதத்துக்கு 62,084 பேர், 1971–81இல் 60,579 பேர், 1981–91இல் 62,091 பேர். இருபது ஆண்டு இடைவெளியில் இருக்கும் முதல் பத்தாண்டும் மூன்றாவது பத்தாண்டும் மாதத்துக்கு ஏழு பேர் வித்தியாசத்தில் ஒத்துப்போகின்றன. இந்த அளவு ஒற்றுமை தற்செயல்தான். ஆனால் மாதத்துக்கு 60,000க்குச் சற்று மேல் என்ற சீரான ஓட்டம் தற்செயல் அல்ல.

இந்தச் சீர் எங்கிருந்து வந்தது? கூடும் ஆட்கள் என்பது இரண்டு எண்களின் பெருக்கல்: இருக்கும் மக்கள் தொகை, அது வளரும் வீதம். முதலாவது ஏறிக்கொண்டே போனது. இரண்டாவது குடும்பக் கட்டுப்பாட்டாலும், பெண் கல்வியாலும், திருமண வயது உயர்ந்ததாலும், குழந்தை இறப்பு குறைந்து, குறைவான பிள்ளைகளே போதும் என்று பெற்றோர் எண்ணியதாலும் இறங்கிக்கொண்டே போனது. ஒன்று ஏறிய வேகமும் மற்றது இறங்கிய வேகமும் ஒன்றையொன்று ஈடுகட்டியதால் பெருக்கல் மாறாமல் நின்றது. நேர்கோடு போடும் ஒவ்வொருவரும், தெரிந்தோ தெரியாமலோ, இந்த ஈடுகட்டலைத்தான் அனுமானமாக ஏற்றுக்கொள்கிறார்கள். ஆண்டுக்கு 7.5 லட்சம் என்பது 3.37 கோடியின் மேல் 2.2 சதவீதம், 7.21 கோடியின் மேல் 1.04 சதவீதம். அதாவது, வளர்ச்சி வீதம் ஐம்பது ஆண்டில் பாதிக்கும் கீழே இறங்கியாக வேண்டும் என்பது நேர்கோட்டுக்குள்ளேயே பொதிந்திருக்கிறது. தமிழ்நாட்டில் அது ஏறத்தாழ அப்படியே நடந்தது. அப்படி நடக்காத மாநிலத்துக்கோ நாட்டுக்கோ இந்தக் கோட்டைக் கொண்டுபோனால் விடை தாழ்ந்துவிடும்.

சரி, ஆறு கணக்கெடுப்புகள் கையில் இருக்கும்போது எந்தச் சாய்வை எடுப்பது? நகராட்சித் திட்ட அறிக்கைகளில் வழக்கமாகச் செய்வது ஐந்து வேறுபாடுகளையும் கூட்டி ஐந்தால் வகுப்பது. விடை பத்தாண்டுக்கு 76.92 லட்சம். ஐந்து பத்தாண்டுகளின் சராசரி என்று கேட்கும்போது எல்லாத் தரவும் அதில் அடங்கியது போலத் தோன்றும். உண்மை அதுவல்ல. வேறுபாடுகளைக் கூட்டும்போது 1971, 1981, 1991, 2001 எல்லாம் ஒருமுறை கூட்டப்பட்டு ஒருமுறை கழிக்கப்பட்டு மறைந்துவிடுகின்றன. மிஞ்சுவது 2011இல் 1961ஐக் கழித்த விடை மட்டுமே. இரண்டு முனைகளில் ஒன்றில் எண்ணிக்கை பிசகியிருந்தால் முழுக் கோடும் பிசகும். நடுவில் உள்ள நான்கு கணக்கெடுப்புகளால் அதைத் திருத்த முடியாது.

வேறுபாடுகளின் வேறுபாட்டையும் சேர்க்கும் ‘கூடுதல் அதிகரிப்பு’ முறையில் இந்தக் கோளாறு இன்னும் பெரிது. தமிழ்நாட்டு எண்களில் இரண்டாம் வேறுபாடுகள் −3.03, +2.42, −9.04, +31.95 லட்சம். இவற்றின் சராசரி 5.57. இந்த 5.57 முழுக்க முழுக்க முதல் பத்தாண்டையும் கடைசிப் பத்தாண்டையும் மட்டும் நம்பி நிற்கிறது. அதை நம்பினால், பிள்ளைப்பேறு குறைந்துகொண்டே வரும் மாநிலத்தில் வளர்ச்சி பத்தாண்டுக்குப் பத்தாண்டு வேகம் எடுக்கும் என்று முடிவாகிவிடும். திட்ட அறிக்கையில் அப்படியொரு எண் இருந்தால் அதைத் துணிந்து கேள்வி கேட்க வேண்டும்.

மீச்சிறு வர்க்க முறை இதற்கு நல்ல மாற்று: எல்லாப் புள்ளிகளையும் கணக்கில் எடுத்து, விலகல்களின் வர்க்கங்களின் கூடுதல் மிகக் குறைவாக இருக்கும் கோட்டை அது தருகிறது. ஆறு ஆண்டுகளும் சம இடைவெளியில் இருப்பதால் கையாலேயே போடலாம். ஆண்டுகளுக்கு வரிசையாக −5, −3, −1, 1, 3, 5 என்று எடை கொடுங்கள். ஒவ்வொரு மக்கள் தொகையையும் (லட்சத்தில் 336.87, 411.99, 484.08, 558.59, 624.06, 721.47) அதன் எடையால் பெருக்கிக் கூட்டினால் 2633.72. எடைகளின் வர்க்கங்களின் கூடுதல் 70. வகுத்தால் 37.625, எடையில் ஓர் அலகு என்பது ஐந்து ஆண்டு என்பதால் ஆண்டுக்கு 7.525 லட்சம். ஆறு எண்களின் சராசரி 522.84. அது 1986ஆம் ஆண்டுக்கு உரியது. அங்கிருந்து 25 ஆண்டு பின்னால் நகர்ந்தால் 334.72. ஆக,

ம = 334.72 + 7.525 × க

‘ம’ லட்சத்தில், ‘க’ என்பது 1961இலிருந்து கடந்த ஆண்டுகள். நாளுக்கு 2,060 பேர் என்று சொன்னால் இந்தச் சாய்வு கண்ணுக்குத் தெரியும்: ஒவ்வொரு நாளும் ஒரு சிற்றூர் கூடுகிறது.

கோடு போட்டதும் வேலை முடியவில்லை. உண்மையிலிருந்து கோட்டைக் கழித்து மீதிகளைப் பார்க்க வேண்டும். 1961: +2.2, 1971: +2.0, 1981: −1.1, 1991: −1.9, 2001: −11.7, 2011: +10.5 லட்சம். முதல் நான்கும் அற்பம். கடைசி இரண்டும் பெரியவை, அதுவும் எதிரெதிர்க் குறியில். கோடு வளையத் தொடங்கியிருந்தால் இரண்டும் ஒரே திசையில் விலகியிருக்கும். 2001இல் கீழே போய், 2011இல் மேலே தாவியிருப்பது வேறு கதை. 2001–11இல் பிறப்பு கூடவில்லை, குறைந்தது. அப்படியிருக்க 97 லட்சம் பேர் எப்படிச் சேர்ந்தார்கள்? பிற மாநிலங்களிலிருந்து வேலை தேடி வந்தவர்கள் ஒரு பகுதி. 2001இல் எண்ணிக்கையில் விடுபட்டவர்கள் 2011இல் பிடிபட்டிருக்கலாம் என்பது இன்னொரு வாய்ப்பு. இரண்டும் சேர்ந்தே நடந்திருக்கும் என்று கருதுவதே எனக்கு நியாயமாகப் படுகிறது. எது எவ்வளவு என்பதைக் கோடு பிரித்துச் சொல்லாது. எந்த இடத்தில் விசாரிக்க வேண்டும் என்று மட்டும் சுட்டிக்காட்டும். அதுவே பெரிய உதவி.

வல்லுநர்களும் இங்கே தடுமாறினார்கள். பிறப்பு, இறப்பு, இடப்பெயர்வு என்று வயதுவாரியாகப் பிரித்துப் போட்ட அதிகாரபூர்வக் கணிப்பு, 2001ஐ அடிப்படையாகக் கொண்டு, 2011இல் தமிழ்நாட்டில் சுமார் 6.74 கோடி பேர் என்றது. எண்ணிக்கையில் வந்தது 7.21 கோடி. இதைக் காட்டி, வயதுவாரிக் கணிப்பைவிட நேர்கோடு மேலானது என்று யாரும் முடிவுகட்டிவிடக் கூடாது. அந்தக் கணிப்பு தவறியது உள்ளே போட்ட அடிப்படை எண்களாலும் இடப்பெயர்வு அனுமானத்தாலும். கோட்டின் நல்ல விடையில் அதிர்ஷ்டத்துக்கும் பங்கு உண்டு: 1961, 1971 எண்களை மட்டும் கொண்டு முதலில் போட்ட கோடு 2001இல் 13 லட்சம் அதிகமாகத்தான் காட்டியது.

இனி எண்களை எழுதும் விதத்தில் வரும் ஓர் ஆபத்து. ‘க’ இடத்தில் கடந்த ஆண்டுகளுக்குப் பதில் காலண்டர் ஆண்டையே போடுகிறவர்கள் உண்டு. அப்போது அதே கோடு ம = 7.525 × ஆண்டு − 14,421.8 என்று ஆகும். கணிதப்படி தவறில்லை. ஆனால் யாராவது 7.525ஐ 7.5 என்று சுருக்கிவிட்டால்? 0.025 என்ற சின்னஞ்சிறு வித்தியாசம் 2011ஆல் பெருக்கப்பட்டு 50 லட்சம் பேரைக் காணாமல் போக்கிவிடும். 711 லட்சம் வர வேண்டிய இடத்தில் 661 லட்சம் வரும். 1961ஐச் சுழியமாக வைத்திருந்தால் அதே சுருக்கம் 2011இல் ஒன்றேகால் லட்சம் மட்டுமே பிழை தரும். விரிதாளில் போக்குக்கோடு போட்டு, திரையில் தெரியும் சுருக்கப்பட்ட கெழுவை எடுத்து எழுதுபவர்களுக்கு இந்த விபத்து அடிக்கடி நேர்கிறது. தொடக்க ஆண்டைச் சுழியமாக்குவது அழகுக்காக அல்ல, பாதுகாப்புக்காக.

கோட்டைப் பின்னோக்கி நீட்டினால் என்ன ஆகும் என்பதையும் ஒருமுறை பார்ப்பது நல்லது. 334.72ஐ 7.525ஆல் வகுத்தால் 44.5. அதாவது 1916இல் தமிழ்நாட்டில் ஒருவர்கூட இல்லை என்று கோடு சொல்கிறது. 1911 கணக்கெடுப்பிலேயே 2.09 கோடிப் பேர் இருந்தார்கள். கோட்டுக்கு எல்லைகள் உண்டு. அவற்றைச் சமன்பாட்டுக்குப் பக்கத்திலேயே எழுதிவைக்க வேண்டும்: ‘1961–2011க்கு மட்டும்’.

எல்லைக்குள் அந்தக் கோடு எவ்வளவு பயனுள்ளது என்பதற்கு இடைச்செருகல், அதாவது இரண்டு கணக்கெடுப்புகளுக்கு இடைப்பட்ட ஒரு நாளின் எண்ணைக் கணிப்பது, நல்ல சாட்சி. பிறப்பு வீதம், இறப்பு வீதம் போடுவதற்கு ஜூலை 1 தேதியின் மக்கள் தொகை வேண்டும். கணக்கெடுப்போ பத்தாண்டுக்கு ஒருமுறை. 2006 ஜூலை 1க்கு எத்தனை பேர்? 2001 மார்ச் 1இலிருந்து 64 மாதம். மாதத்துக்கு 81,178 பேர். பெருக்கிக் கூட்டினால் 676.0 லட்சம். சதவீத முறையில் வளைகோடாகப் போட்டால் 674.3 லட்சம். வித்தியாசம் நூற்றுக்குக் கால்தான். இரண்டு கணக்கெடுப்புகளுக்கு நடுவே, எல்லாம் அமைதியாக நடந்த காலத்தில், நேர்கோட்டைத் தாராளமாக நம்பலாம்.

அமைதி இல்லாத இடத்தில் நம்ப முடியாது. யாழ்ப்பாண மாவட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இன்றைய எல்லைப்படி 1981இல் அங்கே சுமார் 7.39 லட்சம் பேர். 2012இல் சுமார் 5.83 லட்சம். நடுவில் முழுமையான கணக்கெடுப்பு இல்லை. இந்த இரண்டு புள்ளிகளையும் கோட்டால் இணைத்தால் ஆண்டுக்கு ஐயாயிரம் பேர் வீதம் சீராகக் குறைந்ததாகத் தெரியும். அங்கே நடந்தது சீரான குறைவா? 1995 அக்டோபர் இறுதியில், போரின் நடுவே, மாவட்டத்தின் வலிகாமம் பகுதியிலிருந்து லட்சக்கணக்கானோர் ஒரே இரவில் தென்மராட்சிப் பகுதியை நோக்கி நடந்தார்கள். பிறகு வன்னிக்கும், கடல் கடந்தும் போனார்கள். ஒரு பகுதியினர் திரும்பினார்கள். கோட்டில் 1996க்கு 6.6 லட்சம் என்று ஓர் எண் கிடைக்கும். அந்த எண்ணுக்குப் பொருளே இல்லை. இரண்டு புள்ளிகள் இருந்தால் கோடு எப்போதும் கிடைக்கும். அந்தக் கோட்டின் வழியாகத்தான் மக்கள் நடந்தார்கள் என்பதற்கு அது சான்றாகாது.

எல்லை மாற்றமும் இதே போல ஏமாற்றும். சென்னை மாநகராட்சி 2011 அக்டோபரில் 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 சதுர கிலோமீட்டராக விரிந்தது. 42 உள்ளாட்சிகள் சேர்ந்தன. கணக்கெடுப்பில் 46.5 லட்சமாக இருந்த மாநகரம், ஒரு குடும்பம்கூட வீடு மாறாமல், 66 லட்சத்தைத் தாண்டிவிட்டது. பழைய எல்லையின் 2001 எண்ணையும் புதிய எல்லையின் 2011 எண்ணையும் இணைத்துச் சாய்வு எடுத்தால், வராத மக்களுக்குக் குழாய் போடுவோம். சேர்ந்த உள்ளாட்சிகளின் பழைய எண்களையும் தேடிக் கூட்டி, இரண்டு ஆண்டுக்கும் ஒரே எல்லையை வைத்த பிறகுதான் கழிக்க வேண்டும்.

குழாய் என்றதும் இந்தக் கணக்கு அன்றாடம் புழங்கும் இடம் நினைவுக்கு வருகிறது. குடிநீர்த் திட்டங்களில் குழாய்களை 30 ஆண்டுத் தேவைக்கும், மோட்டார், பம்பு, மேல்நிலைத் தொட்டி போன்றவற்றை 15 ஆண்டுத் தேவைக்கும் வடிவமைப்பது வழக்கம். ஒரு பேரூராட்சியில் 2001இல் 24,000 பேர், 2011இல் 27,000 பேர் என்று வைத்துக்கொள்வோம். கோடு: 27,000 + 300 × க. முப்பது ஆண்டில் 36,000. சதவீத முறையில், பத்தாண்டுக்கு 12.5 வீதம், 38,443. இடையில் 2,443 பேர். பாதாளச் சாக்கடை உள்ள ஊருக்கு நபருக்கு நாளொன்றுக்கு 135 லிட்டர் என்ற அளவில் இது 3.3 லட்சம் லிட்டர். ஒரு மேல்நிலைத் தொட்டியின் கொள்ளளவு. பதினைந்தாம் ஆண்டில் இதே வித்தியாசம் 718 பேர்தான், 97,000 லிட்டர். ஆகவே தொட்டிக்கு எந்த முறை என்று சண்டையிட வேண்டியதில்லை. மண்ணுக்குள் புதையும் குழாய்க்குத்தான் யோசிக்க வேண்டும். நிரம்பிவிட்ட பழைய ஊருக்குக் கூட்டல் முறை பொருந்தும். புறவழிச்சாலையும் தொழிற்பேட்டையும் வந்து மனைகள் விற்றுக்கொண்டிருக்கும் ஊருக்கு அது தண்ணீர்ப் பஞ்சத்தைத்தான் வரவழைக்கும்.

மாநிலம் முழுவதற்குமான கோடு இப்போது எங்கே நிற்கிறது? வீதம் இறங்கும் வேகம் மக்கள் தொகை ஏறும் வேகத்துக்குச் சமமாக இருக்கும்வரைதான் கோடு நேராக இருக்கும் என்று பார்த்தோம். தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரிப் பிள்ளைப்பேறு 2020இல் 1.4, தலைமுறையை ஈடுகட்ட வேண்டிய 2.1க்கு வெகு கீழே. இளவயதினர் அதிகம் இருந்ததால் இத்தனை நாள் வளர்ச்சி ஓடியது. அந்த உந்தம் தீர்ந்துகொண்டு வருகிறது. 2011க்குப் பின் கோடு வளைந்திருக்கத்தான் வேண்டும். 2021க்கு நம் கோடு 7.86 கோடி என்கிறது. தேசிய மக்கள் தொகை ஆணையத்தின் தொழில்நுட்பக் குழு சுமார் 7.64 கோடி என்று கணித்தது. 2021 கணக்கெடுப்பு நடக்காததால் இரண்டையும் ஒப்பிட உண்மை எண் இல்லை.

அடுத்த கணக்கெடுப்பின் குறிப்பு நாள் 2027 மார்ச் 1. அன்றைக்குக் ‘க’ 66. கோடு தரும் விடை 8.31 கோடி. எண்ணிக்கை இதற்கு மிகவும் கீழே வரும் என்றே எதிர்பார்க்கலாம். அந்த எண் வெளியானதும் 2011இலிருந்து புதிய சாய்வு எடுப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: இந்த முறை இடைவெளி பத்து ஆண்டு அல்ல, பதினாறு. பேச்சுக்கு 7.80 கோடி வந்தால் கூடியது 58.5 லட்சம்; பழக்கதோஷத்தில் பத்தால் வகுத்தால் ஆண்டுக்கு 5.85 லட்சம், பதினாறால் வகுத்தால் 3.66 லட்சம். −5 முதல் 5 வரை எடை கொடுக்கும் சுருக்குவழியும் அப்போது செல்லாது. ஒவ்வோர் ஆண்டையும் சராசரி ஆண்டிலிருந்து உள்ள தூரத்தோடு எழுதி, முழுக் கணக்கையும் போட வேண்டும்.